ஏழுக்கு ஆறு

உலகம் அழிய இன்னும் மூன்று நாள்.
அப்படித்தான் சொல்கிறது திரை.
சொல்லத் தொடங்கிப் பதினேழு நாளாகிவிட்டது.
மலையுச்சியில் சாம்பல் அரசன்
கையில் இடியை ஏந்தியபடி
பொறுமையாக நிற்கிறான்,
நான் பந்து விளையாடி முடிக்கட்டும் என்று.

வில்லாபுரம். மாடியில் தகரக் கூரை. பகல் பதினொரு மணி.
கப்பலூர் டோல்கேட்டில் ராத்திரி டூட்டி பார்த்துவிட்டு
தூங்க வேண்டிய நேரத்தில்
அடையாள அட்டையைக்கூடக் கழற்றாமல் உட்காருகிறேன்.
ஃபேன் சுற்றுகிறது, காற்று வரவில்லை.
திரையில் மட்டும் பனி பெய்கிறது.

கோரிப்பாளையத்தில் பழசாக
நாலாயிரத்து முந்நூறுக்குத் தம்பி வாங்கிய பெட்டி.
ஓசூரில் வேலை கிடைத்ததும் விட்டுவிட்டுப் போனான்
பெட்டியையும்
பாதியில் நின்ற ஒரு வீரனையும்.
வீரனிடம் வாள் இருக்கிறது,
நாற்பத்தொரு பேயைக் கொன்ற பேர் இருக்கிறது.
உறைந்த ஏரியைக் கடக்கத்தான் சறுக்குவண்டி இல்லை.
அது வேண்டுமென்றால்
ஏரிக்காரர்களைப் பந்தாட்டத்தில் ஜெயிக்க வேண்டும்.
வாளை வெளியே வைத்துவிட்டு வரச் சொல்கிறார்கள்.

“அதை விட்ருக்கா” என்றான் அழகுராசு போனில்,
“மனுசனால ஆகாது. வம்புக்குன்னே வச்சிருக்காய்ங்க.”

ஆகாதுதான்.
முதல் நாள், ஏழுக்குப் பூஜ்யம்.
ஒரு வாரம் கழித்தும் ஏழுக்கு ஒன்று,
அந்த ஒன்றும் அவர்கள் காலில் பட்டுப் போனது.

கோலில் நிற்பவன் பெயர் ஓர்மு.
தாடியில் பனிக்கட்டி, ஒற்றைக் கண்.
என் ஒவ்வொரு தோல்விக்கும் ஒரு வசவு வைத்திருந்தான்.
“உனக்கு இரண்டும் இடது காலா?”
“போ, போய்ப் பனியைப் பெருக்கு.”
“பந்து உருண்டையாக இருக்கும், பார்த்திருக்கிறாயா?”
இவ்வளவு அக்கறையாக என்னை யாரும் திட்டியதில்லை.
டோலில் திட்டுகிறவர்கள் முகம் பார்ப்பதில்லை.
கண்ணாடி இறங்கும்,
ஒரு வார்த்தை வரும்,
கண்ணாடி ஏறும்.

எப்போது அழுத்துவது என்பதுதான் சங்கதி.
பார்த்து அழுத்தினால் பிந்திவிடும்.
யோசித்து அழுத்தினால் முந்திவிடும்.

புதன் ராத்திரி, நாலாம் கவுண்டர்.
தூத்துக்குடி உப்பு லாரிகள் ஒன்றன் பின் ஒன்றாக.
ஸ்டிக்கரை மெஷின் படிக்கும். பீப்.
பிறகு ஓர் இழை நேரம்,
இமைப்புக்கும் குறைவு,
அதற்கப்புறம்தான் தடுப்புக் கம்பி எழும்.
நாலு வருஷமாக நான் குடியிருப்பது அந்த இழையில்.
கம்பி எழும்போது என் கை அடுத்த வண்டியில் இருக்கும்.
கைக்குத் தெரிந்திருக்கிறது,
நான்தான் கேட்கவில்லை.

வியாழன்.
விசில். இழை. அழுத்தம்.
வலை ஆடியது.
விசில். இழை.
ஓர்மு தப்பான பக்கம் பாய்ந்தான்,
பாவமாகக்கூட இருந்தது.

ஆறுக்கு ஆறில் நிற்கும்போது
தெருவில் ஹாரன்.
“தண்ணி லாரி வந்துருச்சு!”
படிக்கட்டெல்லாம் குடங்கள் ஓடுகிற சத்தம்.
ராபியத்து கதவைத் தட்டுகிறாள், “அக்கோவ், தூங்குறீகளா?”
இந்த ஆட்டத்தை நடுவில் நிறுத்த முடியாது.
நான்கு நாளைக்கு ஒரு தடவை வருகிற தண்ணீர்.
கட்டைவிரல் வியர்வையில் வழுக்குகிறது.
லாரி போய்விடும்,
போகட்டும்,

விசில்.

ஏழு.

கத்தவில்லை. கத்த வாய் வரவில்லை.
எழுந்து, காலிக் குடங்களைச் சுற்றி
ஒரு தடவை நடந்து, மறுபடி உட்கார்ந்தேன்.
சறுக்குவண்டியும் கொடுத்தார்கள்,
கூடவே ஈரமான ஒரு ஜோடி பூட்ஸ்:
‘வேகம் ஒன்று கூடும்.’

ஓர்மு குல்லாயைக் கழற்றினான்.
“நல்ல ஆட்டம்.”
திரும்பப் போய்ப் பேச்சுக் கொடுத்தேன்.
“நல்ல ஆட்டம்.”
இன்னொரு தடவை.
“நல்ல ஆட்டம்.”
இனி அவனிடம் வேறு எதுவும் இல்லை.
இத்தனை நாள் ஊறிய வாய்,
ஒரே நிமிஷத்தில் வறண்டு போயிற்று.
ஏரியைக் கடக்காமல் கொஞ்ச நேரம்
அவன் பக்கத்திலேயே வீரனை நிறுத்தி வைத்தேன்.
பனி எங்கள் இருவர் மேலும் விழுந்தது.

தம்பிக்குப் போட்டோ அனுப்பினேன்.
“பொய்” என்று பதில் வந்தது.
ராபியத்திடம் ஒரு குடம் கடன் வாங்கி
முகம் கழுவிப் புறப்பட்டேன்.

ராத்திரி இரண்டரை. நாலாம் கவுண்டர்.
ஸ்டிக்கர் படிக்கவில்லை, டிரைவர் எட்டிப் பார்த்தார்.
“என்னம்மா, தனியாச் சிரிக்கிற?”
“ஏழுக்கு ஆறுண்ணே.”
“யாரு ஜெயிச்சா?”
“நாந்தான்.”
“அப்படிப் போடு” என்றார்,
எந்த ஆட்டம் என்று கேட்கவில்லை.
பீப்.
அந்த இழை.
கம்பி எழுந்தது.